காபி இல்லாத காபி கேக்

‘‘என்ன சித்தி, காபி கேக்னு சொல்லித்தானே கூப்பிட்டீங்க? இதுல காபியே இல்லையே!’’

கீரனூரில் சித்தி வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து, முதல் துண்டைக் கடித்ததும் நான் கேட்ட கேள்வி இது. வாயெல்லாம் ஆரஞ்சு மணந்தது. நடுநடுவே முந்திரி கடிபட்டது. மேலே நொறுநொறுவென்று ஒரு தூவல், அதில் பட்டை வாசம். எல்லாம் இருந்தது, காபியைத் தவிர.

சித்தி அசரவில்லை. ஆவி பறக்கும் டபராவை என் பக்கம் நகர்த்தினார்.

‘‘காபி இதுல இருக்குடா தம்பி. கேக்கைக் கடி, காபியைக் குடி. அதுக்குப் பேருதான் காபி கேக்.’’

சிரித்துவிட்டேன். ஆனால், சித்தி சொன்னது நூற்றுக்கு நூறு சரி. வாழைக்காய் பஜ்ஜியில் வாழைக்காய் இருக்கும். டீ கடை பஜ்ஜியில் டீ இருக்குமா? அந்தக் கணக்குத்தான். காபிக்குத் துணையாகச் சாப்பிடுகிற கேக், காபி கேக்.

இதைத் தொடங்கிவைத்தவர்கள் ஜெர்மனிக்காரர்கள். பிற்பகலில் ஒரு கோப்பை காபி, பக்கத்தில் ஒரு துண்டு கேக் என்பது அங்கே சாயங்கால பூஜை மாதிரி. அப்படிப்பட்ட தேசத்தில் ஒரு ராஜாவுக்குக் காபியைக் கண்டாலே ஆகவில்லை. பிரஷ்யாவை ஆண்ட இரண்டாம் ஃபிரெடரிக்தான் அவர். காபிக்கொட்டை வாங்கியே நாட்டுப் பணம் வெளியே போகிறது என்று அவருக்குக் கவலை. ‘பீர் குடித்து வளர்ந்த ஜனங்கள் பீரையே குடிக்கட்டும்’ என்று 1777ல் அறிவித்தார். 1781ல் காபிக்கொட்டை வறுக்கும் உரிமையை அரசாங்கத்தின் கையில் எடுத்துக்கொண்டார். யாராவது திருட்டுத்தனமாக வீட்டில் வறுத்தால்? வாசனை காட்டிக்கொடுத்துவிடுமே! தெருத்தெருவாக மோப்பம் பிடித்துத் திரிவதற்கென்றே பழைய சிப்பாய்களை வேலைக்கு வைத்தார். அவர்களுக்கு ‘காபி மோப்பக்காரர்கள்’ என்றே பெயர் விழுந்தது.

ராஜா போனார். காபி போகவில்லை. கேக்கும் போகவில்லை. கப்பலேறி அமெரிக்காவில் குடியேறிய ஜெர்மனிக்காரர்கள் தங்கள் காபி நேரத்துக் கேக்கையும் கூடவே கொண்டுபோனார்கள். அது அங்கே ‘காபி கேக்’ ஆகி, உலகம் சுற்றி, கடைசியில் கீரனூர்த் திண்ணைக்கும் வந்துவிட்டது.

வந்துவிட்டது என்று ஒரே வார்த்தையில் சொல்லிவிட்டேன். சித்தியைக் கேட்டால்தான் தெரியும், அது வந்த பாடு!

* * *

சித்தி கல்யாணமாகிக் கீரனூருக்கு வந்தது 1978ல். திருச்சியில் வளர்ந்தவர். இரண்டு வருஷம் கழித்து மகளுக்கு முதல் பிறந்த நாள். குழந்தைக்குக் கேக் செய்து வெட்ட வேண்டும் என்று ஆசை. மாமியாரிடம் மெதுவாகக் கேட்டிருக்கிறார்.

‘‘எங்க அத்தை என்னை ஏற இறங்கப் பாத்தாங்க. ‘முட்டை போட்ட பண்டம் இந்த வீட்டு அடுப்புல ஏறாது. அது வெள்ளைக்காரன் பண்டம். அதைச் சுட நம்ம வீட்டுல அடுப்பும் கிடையாது’ன்னாங்க. மூணே வாக்கியம். அதுக்கு மேல பேச்சு இல்ல.’’

அந்தப் பிறந்த நாளுக்குச் செய்தது கேசரி.

மாமியாரைக் கொடுமைக்காரி என்று நினைத்துவிடாதீர்கள். அவர் தலைமுறையின் பயம் அது. பேக்கரிப் பண்டத்தைத் தொட்டால் ஆசாரம் போய்விடும் என்ற எண்ணம் நாடு முழுக்க இருந்தது. யார் கை பிசைந்ததோ, எந்தத் தண்ணீர் ஊற்றியதோ என்ற கேள்விதான் அதற்குள் உட்கார்ந்திருந்தது. சுருக்கமாகச் சொன்னால், பயம் மாவைப் பற்றியது அல்ல, கையைப் பற்றியது. இந்தப் பயத்தை வைத்தே வியாபாரமும் நடந்தது. கல்கத்தாவில் 1892ல் 295 ரூபாய் முதல் போட்டு ஆரம்பித்த பிஸ்கெட் தொழில்தான் பிற்பாடு பிரிட்டானியாவாக வளர்ந்தது. அதற்கு ஆறு வருஷம் கழித்து, 1898ல், டெல்லியில் ‘இந்து பிஸ்கெட் கம்பெனி’ என்றே ஒன்று தொடங்கினார்கள். ‘எங்கள் பிஸ்கெட்டை உசந்த சாதிக்காரர்கள்தான் செய்கிறார்கள், தைரியமாகச் சாப்பிடலாம்’ என்பதுதான் அதன் விளம்பரச் சரக்கு!

இன்னொரு வேடிக்கை. திருச்சியிலிருந்து புதுக்கோட்டைக்குப் போகிற சாலையில்தான் கீரனூர் இருக்கிறது. அந்தப் புதுக்கோட்டை சமஸ்தானத்து ராஜா மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான், 1915ல் ஆஸ்திரேலியாவில் மோலி ஃபிங்க் என்ற வெள்ளைக்காரப் பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டு ஊருக்கு அழைத்து வந்தார். பிரிட்டிஷ் அரசாங்கம் மோலியை ராணியாக ஏற்க மறுத்தது. சில மாதங்களிலேயே இருவரும் கிளம்பிப் போய்விட்டார்கள். அது பெரிய கதை, இன்னொரு வாரம் பார்க்கலாம். நான் சொல்ல வந்தது இதுதான். ராஜா வெள்ளைக்கார மனைவியோடு வந்திறங்கிய சீமையில், 65 வருஷம் கழித்து ஒரு மருமகளால் ஒரு கேக்கைக் கொண்டுவர முடியவில்லை. அரண்மனைக் கதவு திறப்பது சுலபம். அடுக்களைக் கதவுக்குப் பூட்டு அதிகம்.

சித்தியின் மாமியார் போட்டது மூன்று பூட்டு. வெள்ளைக்காரன் பண்டம், அடுப்பு, முட்டை. ஒவ்வொன்றாகத் திறந்து பார்ப்போம்.

* * *

முதல் பூட்டு: வெள்ளைக்காரன் பண்டம்.

என் தட்டில் இருந்த கேக்கில் முதலில் மணந்தது ஆரஞ்சு. அந்த ஆரஞ்சு வெள்ளைக்காரனுடையதா?

எலுமிச்சை, நார்த்தை, ஆரஞ்சு என்று அந்தக் குடும்பம் மொத்தத்துக்கும் பிறந்த வீடு இமயமலையின் தென்கிழக்கு அடிவாரம். அதாவது அஸ்ஸாம், வட பர்மா, சீனாவின் யுன்னான் ஒட்டிய பகுதி. சுமார் 80 லட்சம் வருஷங்களுக்கு முன்னால் அங்கிருந்துதான் இந்தக் குடும்பம் கிளை பிரிந்து பரவியது என்று 2018ல் ‘நேச்சர்’ இதழில் வெளியான மரபணு ஆய்வு சொல்கிறது. நாம் சாப்பிடுகிற இனிப்பு ஆரஞ்சு தனிப் பிறவிகூட இல்லை, கலப்பு மணத்தில் பிறந்த பிள்ளை. பம்பளிமாஸ் ஒரு பக்கம், தோல் இளகின கமலா ஆரஞ்சு ஜாதி இன்னொரு பக்கம்.

பழம்தான் இப்படியென்றால் பெயர் அதைவிட சுவாரஸ்யம்.

நாம் நார்த்தங்காய் என்கிறோம். மலையாளிகள் எலுமிச்சையையே நாரங்ங என்கிறார்கள். சமஸ்கிருதத்தில் நாரங்கம். அந்தச் சொல் திராவிட மொழிகளிலிருந்துதான் அங்கே போயிருக்க வேண்டும் என்பது மொழியியலாளர்கள் பலருடைய முடிவு. அங்கிருந்து பாரசீகத்துக்குப் போய் நாரங். அரபியில் நாரஞ்ச். அரபிகளோடு ஸ்பெயினுக்குப் போய் நாரன்ஹா. இத்தாலியில் ஒரு விபத்து நடந்தது. ‘உன நாரஞ்சியா’ என்று சேர்த்துச் சொல்லிச் சொல்லி, முன்னால் இருந்த ‘ந’ முந்தைய சொல்லோடு ஒட்டிக்கொண்டு காணாமல் போய்விட்டது. மிஞ்சியது ‘அரஞ்சியா’. பிரெஞ்சு வழியாக இங்கிலாந்துக்குப் போய் ஆரஞ்ச். அதே ஆரஞ்ச் கப்பலேறி நம்மிடம் திரும்பி வந்தபோது, ‘ஓஹோ, சீமைப் பழம்!’ என்று நாம் வாயைப் பிளந்தோம்.

பெண்ணைக் கட்டிக்கொடுத்த வீட்டுக்காரர்களே, அவள் ஊர் சுற்றித் திரும்பி வந்தபோது அடையாளம் தெரியாமல் ‘யாரும்மா நீ?’ என்று கேட்ட மாதிரி ஆகிவிட்டது.

(கீரனூருக்குப் பக்கத்தில் நார்த்தாமலை இருக்கிறதே என்று கேட்காதீர்கள். அது நகரத்தார்மலை மருவியது என்பார்கள். நார்த்தங்காய்க்கும் அதற்கும் சம்பந்தமில்லை!)

அடுத்தது சர்க்கரை. நம் ஊர் சர்க்கரைதான் பாரசீகத்தில் ஷகர், அரபியில் சுக்கர், இங்கிலீஷில் சுகர். பட்டைக்கு இலங்கையும் மலபாரும். அதற்காகத்தான் போர்ச்சுகீசியரும் டச்சுக்காரரும் வெட்டிக்கொண்டார்கள்.

முந்திரி மட்டும் நிஜமாகவே வெளியூர்க்காரர். பிரேசில் பிறப்பு. அங்கே துப்பி மொழி பேசிய மக்கள் ‘அக்காஜு’ என்றார்கள். அதைப் போர்ச்சுகீசியர் ‘காஜு’ என்று சுருக்கி, 16ஆம் நூற்றாண்டில் நம் மேற்குக் கரைக்குக் கொண்டுவந்து நட்டார்கள். இலங்கைத் தமிழர்கள் இன்றைக்கும் கஜு என்பது அந்தப் போர்ச்சுகீசிய ஞாபகம்தான். நாம் முந்திரி என்று பெயர் வைத்துக்கொண்டோம். விதை, பழத்துக்குள்ளே அடங்காமல் வெளியே முந்திக்கொண்டு நிற்பதால் அந்தப் பெயர் என்று ஊரில் விளக்கம் சொல்வார்கள்.

வெளியூர்க்காரர் எப்படி உள்ளூர்க்காரர் ஆனார் என்று பார்க்க வேண்டுமானால், கீரனூர் இருக்கும் அதே புதுக்கோட்டை மாவட்டத்தில் ஆதனக்கோட்டைக்குப் போங்கள். புதுக்கோட்டை-தஞ்சாவூர் சாலையில் இருக்கிறது. முந்திரிக்கொட்டையை நெருப்பில் வறுத்து, கையால் உடைத்து, சாலையோரத்தில் விற்பதற்குப் பேர்போன ஊர். விற்பவர்கள் பெரும்பாலும் பெண்கள். முந்திரிக்கொட்டையின் ஓட்டுக்குள் ஒரு எண்ணெய் இருக்கிறது. தோலில் பட்டால் வெந்துவிடும். அந்த எண்ணெயை நெருப்பில் எரியவிட்டு, கருகின ஓட்டைத் தட்டி உடைத்து, பருப்பு உடையாமல் எடுக்க வேண்டும். கறை பிடித்த அந்த விரல்களைப் பார்த்த பிறகு, கேக்கின் மேல் அலங்காரத்துக்கு வைக்கிற முந்திரியை அலங்காரம் என்று நினைக்க எனக்கு மனசு வரவில்லை. கேக்கிலேயே அதிக உழைப்பு அந்தத் துணுக்கில்தான் இருக்கிறது.

முந்திரிக்கும் கேக்குக்கும் நம் பக்கத்தில் முடிச்சுப் போட்டவர் ஒருவர் உண்டு. அன்றைய சென்னை மாகாணத்தின் மலபார் மாவட்டம், தலச்சேரி. மாம்பள்ளி பாபு என்பவர் பர்மாவில் பிஸ்கெட் போடக் கற்றுக்கொண்டு வந்து, 1880ல் ராயல் பிஸ்கெட் ஃபேக்டரி என்று ஒன்றை ஆரம்பித்தார். 1883ல், கிறிஸ்துமஸுக்குச் சில நாள் முன்னால், அஞ்சரக்கண்டி பட்டைத் தோட்டத்துப் பிரவுன் துரை அவரிடம் வந்தார். கையில் இங்கிலாந்திலிருந்து கொண்டுவந்த ஒரு பிளம் கேக். ‘இதே மாதிரி செய்ய முடியுமா?’ என்று கேட்டார். மாஹேயிலிருந்து பிரெஞ்சு பிராந்தி வாங்கிக் கலக்கச் சொன்னார்.

பாபு என்ன செய்தார் தெரியுமா? தர்மடத்துக் கொல்லரிடம் கேக் அச்சு அடித்து வாங்கினார். பிரெஞ்சு பிராந்தியைத் தேடிப் போகவில்லை. முந்திரிப் பழத்தையும் கதலி வாழைப்பழத்தையும் ஊறவைத்து இறக்கின உள்ளூர்ச் சரக்கை ஊற்றினார்! தின்று பார்த்த துரை அசந்துபோய் இன்னும் ஒரு டஜன் கேக் ஆர்டர் கொடுத்தார் என்பது தலச்சேரியில் தலைமுறை தலைமுறையாகச் சொல்லிவரும் கதை. இந்தியர் கையால் செய்த முதல் கிறிஸ்துமஸ் கேக் என்று அதைத்தான் கொண்டாடுகிறார்கள்.

கடலுக்கு அந்தப் பக்கம் இலங்கையில் ‘லவ் கேக்’ என்று ஒன்று உண்டு. போர்ச்சுகீசியர் வழியில் வந்து, பறங்கியர் என்று அழைக்கப்படும் பர்கர் மக்கள் வளர்த்தெடுத்த கேக். மைதாவுக்குப் பதில் ரவை, ஐரோப்பாவின் பாதாமுக்குப் பதில் முந்திரி, அதோடு பட்டை, தேன், பன்னீர், எலுமிச்சைத் தோல் துருவல், ஏகப்பட்ட முட்டை. ‘ஐரோப்பாவில் இருப்பது இங்கே இல்லையே’ என்று அவர்கள் அழவில்லை. இங்கே இருப்பதைப் போட்டார்கள்.

ஆக, ஆரஞ்சு நம் பக்கத்து வீடு. சர்க்கரை நம்முடையது. பட்டை இலங்கையிலும் மலபாரிலும் விளைந்தது. முந்திரி நானூறு வருஷத்துக்கு மேலாக நம் மண்ணில் வேர் விட்டது. இது எப்படி வெள்ளைக்காரன் பண்டம்? முதல் பூட்டு திறந்தாகிவிட்டது.

* * *

இரண்டாவது பூட்டு: அடுப்பு. மாமியார் சொன்ன மூன்றில் நிஜமான பூட்டு இதுதான்.

இட்லி ஏன் சிவப்பதில்லை? என்றைக்காவது யோசித்திருக்கிறீர்களா? ஆவியின் சூடு நூறு டிகிரி. பிரஷர் குக்கரில் விசில் அடிக்க அடிக்க வைத்தாலும் 120 டிகிரி சுற்றித்தான் நிற்கும். மாவு சிவந்து மணக்க வேண்டுமானால் ஏறக்குறைய 140 டிகிரியைத் தாண்ட வேண்டும். கேக் வேகிற சூடு 170, 180. அதுவும் ஈரமில்லாத சூடாக, நாலா பக்கமும் சூழ்ந்து நிற்க வேண்டும்.

நம் சமையலில் அவிப்போம், வறுப்போம், பொரிப்போம், கல்லில் சுடுவோம். நெருப்பு எப்போதும் கீழேதான். நெருப்பு சூழ்ந்து நிற்கிற இடம் ஊரில் ஒன்றே ஒன்று உண்டு, குயவர் சூளை. அதில் பானை வேகும், பலகாரம் வேகாது. பிரியாணி வந்தபோதுதான் மூடிக்கு மேலே தணலை அள்ளிப் போட்டு ‘தம்’ கட்டக் கற்றோம். ஆம்பூரில் பார்க்கலாம், கீழேயும் நெருப்பு, மேலேயும் நெருப்பு.

ரொட்டி சுடும் அடுப்பைப் போர்ச்சுகீசியர் கொண்டுவந்தார்கள். யாழ்ப்பாணத் தமிழில் அதற்குப் பெயர் போறணை. போர்ச்சுகீசிய ‘ஃபோர்னோ’தான் போறணை ஆனது. ‘பாவ்ங்’ என்ற ரொட்டி அங்கே பாண் ஆனது. இந்தப் பக்கம் நாம் என்ன பெயர் வைத்தோம்? ஒன்றும் வைக்கவில்லை. இன்றைக்கும் ‘அவன்’ என்கிறோம். ‘அவன்ல வெச்சேன்’ என்றால், எவன்ல என்று கேட்கத் தோன்றுகிறது! பெயர்கூட வைக்காத பொருள் வீட்டுக்குள் எப்படிச் சொந்தமாகப் புழங்கும்?

கதவைத் திறந்தது பிரஷர் குக்கர். டெனிஸ் பப்பான் என்ற பிரெஞ்சுக்காரர் 1679ல் லண்டனில் கண்டுபிடித்த சமாச்சாரம். எலும்பையே கூழாக்குகிற பானை என்று அங்கே வியந்தார்கள். நம் ஊரில் 1959ல் ஹாக்கின்ஸ் கம்பெனி தொடங்கியதை ஒட்டிய வருஷங்களில்தான் அது நடுத்தர வீடுகளுக்குள் நுழைந்தது. ஆவியை அடைத்துவைப்பதற்காகச் செய்த அந்தப் பாத்திரத்தை, ஆவியே இல்லாமல் பயன்படுத்தலாம் என்று கண்டுபிடித்தவர்கள் யார்? எந்தப் புத்தகத்திலும் பெயர் இல்லாத வீட்டுப் பெண்கள். தண்ணீர் ஊற்றாதே, கேஸ்கட்டைக் கழற்று, வெயிட்டை எடு, அடியில் மணலைப் பரப்பு. அவ்வளவுதான், குக்கர் சூளை ஆகிவிட்டது. மணல் சூட்டை வாங்கி நிதானமாக விடுகிறது. அடி தீயாமல் உள்ளே முழுக்கச் சூடு பரவுகிறது. கடலை வறுக்கிற மணல் சட்டியின் அதே சூத்திரம்!

சித்திக்கு இதைச் சொல்லிக்கொடுத்தது திருச்சியில் கூடப் படித்த தோழி. தபால் கார்டில் எழுதி அனுப்பினாராம்.

* * *

மூன்றாவது பூட்டு: முட்டை.

கேக்குக்கு முட்டை எதற்கு? முக்கியமாகக் காற்றுக்காக. முட்டையை அடிக்க அடிக்க அதற்குள் காற்றுக் குமிழிகள் சிக்கும். அடுப்பில் வைத்ததும் அவை விரிந்து கேக்கைத் தூக்கும். அந்தக் காலத்துக் கேக் குறிப்புகள் ஒரு மணி நேரம் முட்டை அடிக்கச் சொல்லும். வேலைக்காரர்கள் இருந்த வீட்டில்தான் கேக் இருந்தது என்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

பர்மிங்ஹாமில் ஆல்ஃப்ரெட் பேர்ட் என்று ஒரு மருந்துக் கடைக்காரர். அவர் மனைவிக்கு முட்டையும் ஆகாது, ஈஸ்ட்டும் ஆகாது. மனைவிக்காக 1837ல் முட்டையில்லாத கஸ்டர்டு பவுடரைக் கண்டுபிடித்தார். 1843ல் ஈஸ்ட் தேவைப்படாத பேக்கிங் பவுடர். சோடாவும் புளிப்பும் சந்தித்தால் கரியமில வாயு பொங்கும். அந்த வாயு மாவைத் தூக்கும். இதுதான் தத்துவம்.

நமக்கு இது புதுசா? அந்த சோடாவுக்கு நம் வீட்டுப் பெயர் ஆப்பசோடா! புளித்த ஆப்பமாவில் ஒரு சிட்டிகை போட்டுப் பொங்கவைக்கிற அதே பொடி. அவனுக்குப் பெயர் வைக்காத நாம் இதற்கு மட்டும் ஆப்பத்தின் பெயரையே கொடுத்து வீட்டுக்குள் சேர்த்துக்கொண்டோம். தயிரிலும் புளிப்பு உண்டு, ஆரஞ்சுச் சாறிலும் புளிப்பு உண்டு. பிறகு முட்டை எதற்கு?

மூன்று பூட்டும் திறந்தாகிவிட்டது. இனி சித்தியின் செய்முறை.

ஒன்றரை டம்ளர் மைதா, அதில் ஒரு டீஸ்பூன் பேக்கிங் பவுடர், அரை டீஸ்பூன் ஆப்பசோடா, ஒரு சிட்டிகை உப்பு சேர்த்து இரண்டு முறை சலித்துக்கொள்ளுங்கள். இரண்டு கமலா ஆரஞ்சை வெந்நீரில் நன்றாகக் கழுவித் துடைத்து, தோலின் ஆரஞ்சு நிறம் மட்டும் வரும்படி லேசாகத் துருவ வேண்டும். வாசனை எண்ணெய் இருப்பது அந்த மேல் தோலில்தான். அடியில் இருக்கிற வெள்ளை வந்துவிட்டால் கசக்கும். முக்கால் டம்ளர் பொடித்த சர்க்கரையில் துருவலைப் போட்டு விரலால் கசக்குங்கள். சர்க்கரையே மணக்கும். அதோடு அரை டம்ளர் தயிர், அரை டம்ளர் ஆரஞ்சுச் சாறு, அரை டம்ளருக்கு ஒரு விரல் குறைவாக வாசனையில்லாத எண்ணெய். எல்லாவற்றையும் கலக்குங்கள்.

மேல் தூவலைக் கேக் கலப்பதற்கு முன்பே தயார் செய்துகொள்ள வேண்டும். இரண்டு கரண்டி மைதா, இரண்டு கரண்டி நாட்டுச் சர்க்கரை, ஒரு கரண்டி வெண்ணெய், கால் டீஸ்பூன் பட்டைத்தூள். விரல் நுனியால் உதிரியாகப் பிசிறவும். ஜெர்மனிக்காரர்கள் இதை ‘ஸ்ட்ராய்சல்’ என்பார்கள். தூவுவது என்றுதான் அர்த்தம். குக்கரில் மேலிருந்து நெருப்பு வராது. அதனால் தூவல் சிவக்காமல் வெளுத்துக் கிடக்கும். சித்தி அதற்கு ஒரு வழி வைத்திருக்கிறார். தூவலை முதலிலேயே வாணலியில் போட்டு, சிறு தீயில் பொன்னிறமாக வறுத்து எடுத்துவிடுகிறார்!

குக்கரின் அடியில் இரண்டு டம்ளர் சலித்த மணல் அல்லது கல்லுப்பைப் பரப்பி, மேலே ஒரு வளையம் வையுங்கள். கேஸ்கட், வெயிட் இரண்டும் கண்டிப்பாக வேண்டாம். தண்ணீரும் வேண்டாம். புதுக் குக்கரைப் பாழாக்காமல், பழையதையோ அடி கனமான வேறு பாத்திரத்தையோ எடுத்துக்கொள்வது உத்தமம். மூடி போட்டு பத்து நிமிஷம் மிதமான தீயில் காயட்டும். இப்போதுதான் மாவையும் கரைசலையும் சேர்க்க வேண்டும். சோடாவும் புளிப்பும் சந்தித்துவிட்டால் வாயு காத்திருக்காது. கட்டியில்லாமல் கலந்தால் போதும், தோசை மாவு மாதிரி ஆட்டி எடுக்காதீர்கள், கேக் ரப்பர் ஆகிவிடும். உடைத்த முந்திரி ஒரு கைப்பிடி, மைதாவில் புரட்டிப் போட்டால் அடியில் போய்ப் படுக்காது. முந்திரி விலை மிரட்டினால் வறுத்த வேர்க்கடலை.

எண்ணெய் தடவிய தட்டில் ஊற்றி குக்கரில் இறக்குங்கள். கால் மணி நேரம் கழித்து மேலே கொஞ்சம் இறுகியிருக்கும். அப்போது தூவலைத் தூவி மூடிவிடுங்கள். முன்னாலேயே போட்டால் முழுகிவிடும். இன்னும் அரை மணி நேரம் சிறு தீ. ஈர்க்குச்சியைக் குத்தினால் மாவு ஒட்டாமல் வர வேண்டும். முழுக்க ஆறியபின் வெட்டுங்கள். மறுநாள்தான் ஆரஞ்சு மணம் முழுசாக இறங்கியிருக்கும், அதுவரைக்கும் வீட்டில் மிஞ்சினால்!

* * *

‘‘சரி சித்தி, அத்தை ஒப்புக்கிட்டாங்களா?’’

‘‘ரெண்டாவது பிறந்த நாளுக்கு அவங்க கண்ணு முன்னாடியே செஞ்சேன். தயிர், ஆரஞ்சு, ஆப்பசோடா, மணல்... ஒவ்வொண்ணா எடுத்துக் காட்டினேன். ஒண்ணும் பேசல. சாப்பிடவும் இல்ல. புள்ளைங்கதான் தின்னுச்சுங்க.’’

‘‘அப்புறம்?’’

‘‘அதுக்கப்புறம் வருஷா வருஷம் செஞ்சேன். அவங்க பக்கத்துல வந்து உக்காந்து பாப்பாங்க, அவ்வளவுதான். நாலஞ்சு வருஷம் ஆச்சு. ஒரு மார்கழி, எனக்கு உடம்பு சரியில்ல, செய்யல. சாயங்காலம் காபியை ஆத்திக்கிட்டே கேட்டாங்க... ‘ஏன்டி, இந்த வருஷம் அந்த ஆரஞ்சுத்தோல் பணியாரம் போடலையா?’ன்னு.’’

சித்தி சிரித்தார். எனக்குச் சிரிக்கத் தோன்றவில்லை.

அதுவரை அது கேக். அந்த மார்கழியில் பணியாரம் ஆகிவிட்டது. நாரங்கம் ஊர் ஊராகப் பெயர் மாறி ஆரஞ்சு ஆனதும், பிரேசில் அக்காஜு நம்மிடம் முந்திரி ஆனதும், சோடா ஆப்பசோடா ஆனதும் இப்படித்தான் நடந்திருக்கும். எங்கேயோ ஒரு வீட்டில், வேண்டாம் என்று சொன்ன யாரோ ஒருவர், ஒருநாள் தன் வாயால் அதற்கு ஒரு பெயர் வைத்திருப்பார். அன்றைக்கே அது வெளியூர்ப் பண்டம் இல்லை.

‘‘அன்னைக்குக் காய்ச்சலோட எந்திரிச்சுப் போய் செஞ்சேன்டா’’ என்றார் சித்தி, எனக்கு இரண்டாவது துண்டை வைத்துக்கொண்டே. ‘‘முதல் துண்டு அவங்களுக்குத்தான் குடுத்தேன்.’’